ஐந்துக்கும் அறுபதுக்கும் நடுவே

மண்டபத்தில், கல்யாண மகாலில்,
முகூர்த்தமில்லாத புதன்கிழமை.
மணமேடையில் புரொஜெக்டர்.
போன வாரத் தெர்மாகோல் எழுத்தில்
மணமகள் பெயரின் ஒரு 'ஜோ' மட்டும் மிச்சமிருக்க
அதன் கீழே கிருமிகள்
பெரிதாக, பச்சையாக நெளிந்தன.

நாற்பது பேர் இருந்தோம்.
பாம்பன் பாலத்தடியில் மீன் பொரிப்பவர்கள்,
வேதாளை பரோட்டா மாஸ்டர்கள் இருவர்,
ஏர்வாடி லாட்ஜுகளுக்கு இட்லி அவிக்கும் அக்காள் தங்கை,
சர்பத் கடை ஜைனுலாப்தீன்,
சதக்கு பாய் மெஸ்ஸில்
பதினோரு வருசமாகக் குழம்பு கூட்டும்
ஞானசுந்தரி, நான்.

அலுவலர் அம்மாவுக்குச் சின்ன வயசு.
நகம் வெட்டணும், மோதிரம் கழற்றணும்.
விரல் அறுபட்டால் நனையாத பட்டை, நீலத்தில்;
கழன்று விழுந்தால் சோற்றில் தெரிய வேண்டும்,
நீல நிறத்தில் சாப்பாடு ஏது என்றார்.
யோசித்துப் பார்த்தேன்.
ஏதுமில்லைதான்.

ஓடும் தண்ணீரில் இருபது நொடி கை கழுவணும்.
அங்கே மகாலே சிரித்துவிட்டது.
"எங்க ஊர்ல தண்ணி
லாரியிலதாம்மா ஓடும்" என்றார் ஒரு மாஸ்டர்.
குடம் பன்னிரண்டு ரூபாய்.
அந்த அம்மாவும் சிரித்தார்.
குழாய் வைத்த கேன் ஒன்றைத் தூக்கிக் காட்டியவர்
பிறகு குனிந்து ஏதோ எழுதிக்கொண்டார்.

ஐந்து டிகிரிக்குக் கீழே கிருமி உறங்கும்,
அறுபதுக்கு மேலே பெருகாது,
நடுவில் கிடப்பதுதான் ஆபத்து.
"எனக்கு நாப்பத்தி மூணு" என்றேன் சர்பத்காரரிடம்.
"எனக்கு அறுபத்தி ரெண்டு.
நான் தப்பிச்சேன்."

டாக்டர் சீட்டு முன்பே வாங்கியாகிவிட்டது.
கண் பார்த்தார்கள், நாக்கை நீட்டச் சொன்னார்கள்,
விரலிடுக்கில் சொறி தேடினார்கள்,
டைபாய்டு ஊசி போட்டார்கள்.
கடுத்த தோளோடு அன்றைக்கே
எட்டுக் கிலோ சீலா அறுத்தேன்.

பிறகு வந்தது அந்தப் பக்கம்.
காய்ச்சல், வயிற்றுப்போக்கு, மஞ்சள்காமாலை
இருந்தால் சொல்லிவிட வேண்டும்.
அடுப்படியில் நிற்கக் கூடாது.

கை தூக்கினேன்.
"அன்னைக்குக் கூலி?"

புரொஜெக்டரின் காற்றாடிச் சத்தம் கேட்டது.
புத்தகத்தில் அது இல்லைங்க என்றார், மறைக்காமல்.

நான் கேட்க நினைத்தது அதுகூட இல்லை.
போன ஐப்பசியில், வாடை திரும்பிய வாரம்,
இரண்டு நாளாய் வயிறு நிற்காமல் போயும்
ஓமத் தண்ணியைக் குடித்துவிட்டு வந்து
ஐஸ் கம்பெனிக்கு நாற்பத்தாறு பார்சல் கட்டினேன்.
ரசம், பொரியல், நெத்திலிக் குழம்பு.
அத்தனை முடிச்சும் இந்த விரல் போட்டது.
மறுநாள் அந்தப் பையன் வரவில்லை,
எப்போதும் ரசம் ரெண்டு கேட்கிறவன்.
அதற்கு மறுநாளும் இல்லை.
பெயர் தெரியாது.
யாரிடம் கேட்பது, என்னவென்று கேட்பது?
மூன்றாம் நாள் வந்தான்.
அக்காள் பிள்ளைப்பேறுக்குத் திருவாடானை போயிருந்தானாம்.
"அன்னைக்குக் குழம்புல உப்பில்லக்கா" என்றான்.
அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டேன்,
அவன் என் முகத்தைப் பார்க்காதபடிக்கு.

தேர்வில் இருபதுக்குப் பதினேழு.
சான்றிதழ் வந்தது,
தலைக்குல்லாயில் யாரோ போல நான்.
சதக்கு பாய் லேமினேட் செய்து
கல்லாவுக்கு மேலே மாட்டினார்.
சாப்பிட வந்தவர் எவரும் ஏறிட்டுப் பார்த்ததில்லை.
அதன் பின்னால் ஒரு பல்லி குடியிருக்கிறது.

இன்று விடியலில் உடம்பு கொதித்தது.
வெளியே கச்சான் காற்று
கதவைப் பிடித்து ஆட்டிக்கொண்டிருந்தது.
போனை எடுத்தேன், வைத்தேன், எடுத்தேன்.
"பாய், காய்ச்சல். இன்னைக்கு வரல."
அந்தப் பக்கம் யாரோ தேங்காய் உடைத்தார்கள்.
ஒரு மூடி, இன்னொரு மூடி.
"சரி" என்றார்.
கூலி வெட்டுகிற சரியா,
கோபத்துச் சரியா, வெறும் சரியா,
விளங்கவில்லை.

சுருண்டு கிடக்கிறேன்.
மணி பதினொன்றுக்கு மெஸ் நிறையும்போது
என் போட்டோ மட்டும் வேலையில் நிற்கும்,
குல்லாய் கழலாமல்,
காய்ச்சல் இல்லாமல்.